செபஸ்தியம்மாவின் வெய்யில் வழக்கு

யாழ்ப்பாணத்துக் குருநகரில், கடற்கரையிலிருந்து மூன்றாவது ஒழுங்கையில், கருவாடு வாங்க வருகிறவர்கள் வழி கேட்பதில்லை. மூக்கே கூட்டிக்கொண்டு போய்ச் செபஸ்தியம்மாவின் படலையில் விட்டுவிடும்.

அவளுக்கு ஐம்பத்தேழு வயது. கணவர் போன பிறகு பதினாறு வருடமாகக் கருவாட்டுத் தொழில்தான். விடிய முன்னமே துறைக்குப் போய்ச் சீலாவும் கட்டாவும் பாரையும் ஏலத்தில் எடுப்பாள். கீறி, கழுவி, உப்பிட்டு, மரச்சட்டத்தில் வலை அடித்த தட்டுகளில் பரப்பி, தன் வீட்டின் கொங்கிறீட் கூரையில் காயவைப்பாள். மழை வந்தால் தட்டுகளை ஒதுக்குவதற்கு அந்தக் கூரையிலேயே ஒரு தகரக் கொட்டிலும் போட்டிருந்தாள். அவளுடைய சீலாக் கருவாடு திருநெல்வேலிச் சந்தைக்கும் போகும், கனடாவுக்குப் போகிறவர்களின் பெட்டியில் ஏழு சுற்றுப் பொலித்தீனுக்குள்ளும் போகும்.

வைகாசி மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை, பின்னேரம் மூன்று மணிக்குத் தட்டுகளைப் புரட்டப் போனாள். சீலா ஈரமாகக் கிடந்தது. விரலால் அமத்திப் பார்த்தாள். நிமிர்ந்து மேற்கே பார்த்தாள். சூரியன் இருக்கவேண்டிய இடத்தில் எமில்ராஜின் பல்கனி இருந்தது.

எமில்ராஜ் மேற்குப் பக்கத்து வீட்டுக்காரன். சொந்தமாக ஒரு படகு வைத்துத் தொழில் செய்கிறவன். ஆறு மாதமாக வீட்டுக்கு மேல்மாடி கட்டிக்கொண்டிருந்தான். அதுவரைக்கும் செபஸ்தியம்மாவுக்கு அதில் ஒரு குறையும் இல்லை. மேசன்மாருக்குத் தண்ணீர் கூடக் கொடுத்திருந்தாள். ஆனால் போன கிழமை அவள் மடுமாதா கோயிலுக்குப் போய் வந்த நாலு நாளுக்குள், மேல்மாடியின் பக்கவாட்டில் ஒரு பல்கனி முளைத்து, மதிலையும் தாண்டி அவளுடைய கூரைப் பக்கம் நீட்டிக்கொண்டு நின்றது. பல்கனிக்கு மேலே கூரை வேறு.

"எமில்! டேய் எமில்! உதென்னடா என்ரை தலைக்கு மேலை?"

எமில்ராஜ் பல்கனியில் வந்து நின்று சிரித்தான். "பல்கனி அக்கா. வடிவா இருக்கல்லோ?"

"வடிவு இருக்கட்டும். அது ஏன் என்ரை வளவுக்குள்ளை வந்து நிக்குது?"

"வளவுக்குள்ளை இல்லை அக்கா, வளவுக்கு மேலை. காத்துக்கு ஆரும் காணி உறுதி முடிச்சு வைச்சிருக்கினமோ?"

"உறுதி இருக்கோ இல்லையோ, எனக்கு இஞ்சை வெய்யில் இருந்தது. இப்ப காணேல்லை. உதை இடி."

"கொங்கிறீட் அக்கா, இடியெண்டால் இடிக்கிறதோ?" எமில்ராஜுக்கும் முகம் மாறியது. "நானும் கதைக்கலாம். உங்கடை கருவாட்டு நாத்தத்திலை எங்கடை வீட்டிலை ஒரு யன்னலும் திறக்கேலாது. ஒருநாள் வாய் திறந்தனானோ?"

அவன் மணம் என்று சொல்லியிருந்தால் அந்த விஷயம் அந்த ஒழுங்கையோடேயே முடிந்திருக்கும். நாத்தம் என்றுவிட்டான். செபஸ்தியம்மா கீழே இறங்கினாள். மறுநாள் காலை, ஞாயிறு பூசைக்குக் கட்டுகிற சேலையைக் கட்டிக்கொண்டு மாநகர சபைக்குப் போய், தன் கையாலேயே இரண்டு பக்கத்தில் முறைப்பாடு எழுதிக் கொடுத்துவிட்டு வந்தாள்.

அடுத்த கிழமை சபையின் தொழில்நுட்ப உத்தியோகத்தர் வந்தாள். பெயர் கஜானி. உடுவிலிலிருந்து ஸ்கூட்டியில் வருகிற, முப்பது வயதுக்குள் இருக்கும் பெண். தலைக்கவசத்தைக் கழற்றாமலே இரண்டு வீட்டையும் அளந்தாள். பிறகு வரைபடத்தை விரித்துப் பார்த்தாள்.

"அம்மா, இவர் அனுமதி எடுத்த பிளானிலை மேல்மாடி இருக்கு. பல்கனி இல்லை. மூண்டடி வெளியிலை வந்திருக்கு. அதிலை ரெண்டடி உங்கடை எல்லைக்கு மேலை."

"அப்ப நாளைக்கே இடிக்கலாம்?"

"முதல் நோட்டீஸ் குடுப்பம் அம்மா. தானா அகற்றாட்டித்தான் கோட்டுக்குப் போகும்."

மேலேயிருந்து எமில்ராஜின் குரல் வந்தது. "மிஸ், அந்தத் தகரக் கொட்டிலுக்கும் அனுமதி இருக்கோ எண்டு ஒருக்காக் கேளுங்கோ!"

கஜானி திரும்பிக் கொட்டிலைப் பார்த்தாள். "அம்மா, அனுமதி எடுத்தனீங்களோ?"

"மழைக்கு மீன் ஒதுங்கிறதுக்கும் அனுமதியோ பிள்ளை?"

கஜானி பெருமூச்சு விட்டு, கொப்பியில் புதுப் பக்கம் ஒன்றைத் திறந்தாள்.

இரண்டு நோட்டீசும் ஒரே நாளில், ஒரே தபால்காரன் கையில் வந்தன. எமில்ராஜ் பல்கனியை இடிக்கவில்லை. அவன் இடிக்காமல் தான் கொட்டிலைக் கழற்றுவதில்லை என்று செபஸ்தியம்மாவும் இருந்துவிட்டாள். தவணை முடிந்ததும் சபை இரண்டு பேருக்கும் எதிராக வழக்குப் போட்டது.

அதற்கிடையில் ஏழு ஞாயிற்றுக்கிழமைகள் வந்து போயின. பூசையில் ஒருவருக்கொருவர் சமாதானம் சொல்லுங்கள் என்று சுவாமியார் சொல்லும்போது, செபஸ்தியம்மா முன் இருக்கை வாங்கிலும் பின் வாங்கிலும் நின்றவர்கள், எட்டாத தூரத்தில் நின்ற சின்னப் பிள்ளைகள் எல்லோருக்கும் கை கொடுத்தாள். பக்கத்து வாங்கில் நின்ற எமில்ராஜுக்கு மட்டும் கொடுக்கவில்லை. அவனும் அந்த நேரம் பார்த்துத் தன் செருப்பு வாரைச் சரிசெய்தான். அவனுடைய மனைவி றொசாந்திதான் இரண்டு பேருக்கும் நடுவில் நின்று வெட்கப்பட்டாள்.

வழக்கு நாள் வந்தது. ஒழுங்கை முகப்பில் நிற்கும் ஜெயசுதனின் ஓட்டோவை, காலை எட்டரைக்கு வரும்படி செபஸ்தியம்மா முதல் நாளே சொல்லியிருந்தாள். எமில்ராஜும் சொல்லியிருந்தான். ஜெயசுதன் இரண்டு பேருக்கும் ஓம் என்றிருந்தான்.

"இவனும் வாறானோ?" என்றாள் செபஸ்தியம்மா, ஓட்டோவுக்குள் ஏற்கனவே இருந்த எமில்ராஜைப் பார்த்து.

"அன்ரி, ரெண்டு பேரும் போறது ஒரே கோட்டுக்கு. நேரமும் ஒண்டு. நான் என்ன ரெண்டு ஓட்டோவே வைச்சிருக்கிறன்? ஏறுங்கோ, பிந்தினால் பிடியாணை வரும்."

பிடியாணை என்றதும் அவள் ஏறினாள். குடையை இருவருக்கும் நடுவில் எல்லைக்கல்லைப் போல் நிறுத்தினாள்.

"ஜெயசுதன், முழங்காலை அங்காலை எடுக்கச் சொல்லு அவரை."

"அண்ணை, முழங்காலாம்."

"குடை குத்துது எண்டு சொல்லு ஜெயசுதன்."

"அன்ரி, குடையாம்."

ஆஸ்பத்திரி வீதி வந்தபோது எமில்ராஜ் சட்டைப் பையைத் தடவினான். பிறகு காற்சட்டைப் பையை. பிறகு இரண்டையும் மறுபடியும். அழைப்பாணையை வீட்டு மேசையில் விட்டுவிட்டு வந்திருந்தான். வழக்கு இலக்கம் கூட அவனுக்கு நினைவில் இல்லை.

செபஸ்தியம்மா கொஞ்ச நேரம் வெளியே பார்த்தாள். பிறகு தன் பையைத் திறந்து, பிளாஸ்ரிக் உறைக்குள்ளிருந்து ஒரு தாளை இழுத்து, ஜெயசுதனிடம் நீட்டினாள்.

"உவரின்ரை வழக்கு இலக்கம். என்ரைக்கு அடுத்தது. எழுதி வைச்சனான்."

"அன்ரி, நான் ஓட்டோ ஓடுறன். பக்கத்திலைதானே அவர் இருக்கிறார், நீங்களே குடுங்கோ."

கொடுத்தாள். எமில்ராஜ் வாங்கினான். நன்றி சொல்ல வாயெடுத்து, இருமிக்கொண்டான்.

நீதிமன்றத்தில் இரண்டு பெயரையும் அடுத்தடுத்துக் கூப்பிட்டார்கள். இரண்டு பேரும் கூண்டில் தோளோடு தோள் இடிபட நின்றார்கள். நீதவான் வழக்குக் கோவைகளைப் புரட்டிவிட்டுக் கண்ணாடிக்கு மேலால் பார்த்தார்.

"நீங்கள் இருவரும் அயலவர்களா?"

"ஓம் ஐயா," என்று இரண்டு பேரும் ஒரே நேரத்தில் சொன்னார்கள்.

"அனுமதியில்லாமல் கட்டியதை ஏற்றுக்கொள்கிறீர்களா?"

எமில்ராஜ் ஏற்றுக்கொண்டான். செபஸ்தியம்மாவும் ஏற்றுக்கொண்டாள். ஆனால் அதோடு விடவில்லை. "ஐயா, நான் கட்டினது தகரம், மழைக்கு. இவன் கட்டினது கொங்கிறீட், என்ரை வெய்யிலுக்கு மேலை. மூண்டு மணிக்கு வந்து என்ரை சீலாவைத் தொட்டுப் பாருங்கோ, விளங்கும்."

மன்றத்தில் பின்வரிசையில் சிரிப்பு எழுந்தது. நீதவானுக்கும் உதடு துடித்தது. "அம்மா, இந்த வழக்கு அனுமதியில்லாமல் கட்டியதைப் பற்றியது. வெய்யிலைப் பற்றி இதில் ஒன்றும் இல்லை. இரண்டு கட்டுமானமும் ஒரு மாதத்துக்குள் அகற்றப்பட வேண்டும். அகற்றியதைச் சபை பார்த்து அறிக்கை தர வேண்டும்."

திரும்பி வரும்போதும் அதே ஓட்டோதான். எமில்ராஜின் தொலைபேசி அடித்தது. றொசாந்தி.

"முடிஞ்சுது," என்றான் அவன். "ரெண்டு பேரும் தோத்திட்டம்."

"நான் வெண்டனான்!" என்றாள் செபஸ்தியம்மா, தொலைபேசிக்குக் கேட்கும்படி.

"உங்கடை கொட்டிலும் போகுதல்லோ அக்கா?"

"போகட்டும். உன்ரை பல்கனி போகுது." சொல்லிவிட்டு அவள் சிரித்தாள். அவன் சிரிக்கவில்லை. ஆனால் குடை இந்தமுறை நடுவில் நிற்காமல் அவளுடைய மடியில் கிடந்ததைக் கண்ணாடியில் கவனித்தவன் ஜெயசுதன்தான்.

கொட்டிலை அவள் அன்றைக்கே அரை மணித்தியாலத்தில் கழற்றிவிட்டாள். பல்கனியை இடிக்க மூன்று நாள் எடுத்தது. மூன்றாம் நாள் அவள் தட்டுகளை மூடியிருந்த சாக்கை எடுக்க மேலே போனபோது, இடித்து முடிந்த பல்கனியின் வாசலில், கவிழ்த்த வாளியொன்றின் மேல் எமில்ராஜ் தனியே இருந்தான். அவளைக் கண்டதும் எழும்பி உள்ளே போய்விட்டான். சண்டைக்கு வருவான் என்று ஆயத்தமாக நின்றவளுக்கு அது என்னவோ போலிருந்தது.

சற்று நேரத்தில் றொசாந்தி தும்புத்தடியோடும் வாளியோடும் வந்தாள். கூரையில் விழுந்திருந்த கொங்கிறீட் துண்டுகளைப் பொறுக்கத் தொடங்கினாள்.

"விடு பிள்ளை, நான் கூட்டுறன். எமிலுக்கு என்ன, சுகமில்லையோ?"

"சுகத்துக்கு ஒண்டுமில்லை அக்கா." றொசாந்தி குனிந்தபடியே சொன்னாள். "யுத்தத்திலை இடம்பெயர்ந்து பதினொரு வருசம் ஆரின்ரையோ வீட்டுப் பின்விறாந்தைகளிலை கிடந்த மனிசன். யன்னலைத் திறந்தால் மற்றவையின்ரை கிணத்தடி. கலியாணம் முடிச்ச புதிசிலை எனக்குச் சொன்னவர், ஒருநாளைக்கு மேலை இருந்து தேத்தண்ணி குடிச்சுக்கொண்டு கடலிலை நிக்கிற என்ரை போட்டைப் பாக்கவேணும் எண்டு. தெற்கை ஐஸ் பக்டரிச் சுவர் மறைக்குது. உங்கடை கூரைக்கு மேலாலை எட்டிப் பாத்தால்தான் ஒரு துண்டுக் கடல் தெரிஞ்சது. அதுக்குத்தான் அந்த மூண்டடி."

செபஸ்தியம்மா சாக்கை மடித்தாள். விரித்தாள். மறுபடி மடித்தாள்.

"உதை எனக்கு முதலே சொல்லியிருக்கலாமெல்லோ?"

"நீங்கள் கேட்டனீங்களோ அக்கா? கத்தினனீங்கள்."

செபஸ்தியம்மா சாக்கைக் கீழே போட்டாள். தும்புத்தடியை வாங்கித் தானும் கூட்டினாள்.

மறுநாள் பல்கனி இல்லாத முதல் நாள். செபஸ்தியம்மா பதினான்கு தட்டுகளையும் கூரை முழுக்கப் பரப்பிவிட்டு, வெற்றி பெற்றவளாகக் கீழே போய்ச் சாப்பிட்டாள். மூன்று மணிக்கு ஏறி வந்து பார்த்தாள். நிழல் தட்டுகளின் மேல் படுத்துக் கிடந்தது. பல்கனியின் நிழல் அல்ல. மேல்மாடியின் நிழல். அது முழு உயரத்துக்கு எழும்பியது மழை நாட்களில், பிறகு அவள் மடுவுக்குப் போய்விட்டாள்; பல்கனி இல்லாமல் அந்த நிழலை அவள் கண்டதேயில்லை. முன்பு இரண்டரைக்கு வந்தது, படுத்திருந்த நீளத்தைப் பார்த்தால் இப்போது ஐந்து பத்து நிமிடம்தான் பிந்தி வந்திருந்தது. நோட்டீசு, கூண்டு, ஏழு ஞாயிறு, கழற்றிய கொட்டில் எல்லாவற்றுக்கும் கிடைத்த வெய்யில் அவ்வளவுதான்.

அந்தக் கிழமை அறிக்கை எழுத வந்த கஜானியிடம் அவள் நேராகவே கேட்டாள்.

"பிள்ளை, பல்கனி போயிட்டுது. வெய்யில் வரேல்லையே?"

"மேல்மாடி பிளானிலை இருக்கிறது அம்மா. சட்டப்படி கட்டினது. நிழலுக்கு எங்களிட்டை ஒரு பிரிவும் இல்லை." கஜானிக்கே அதைச் சொல்லக் கவலையாக இருந்தது. "இடிச்ச விளிம்பை மேலையிருந்து ஒரு படம் எடுக்கவேணும். எடுத்தால் கோவையை மூடலாம்."

எமில்ராஜ் மொட்டைமாடிக்கு ஏணி சாத்தினான். கஜானி ஏறினாள். பின்னால் செபஸ்தியம்மா சேலைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு வந்து நின்றாள்.

"நீங்கள் எங்கை அக்கா?"

"முறைப்பாடு குடுத்தது நான். நானும் பாக்கவேணும்."

"விழுந்தால் அதுக்கும் என்னிலை வழக்குப் போடுவியள்," என்று முணுமுணுத்தபடி அவன் ஏணியை இறுக்கிப் பிடித்தான். அவள் ஏறி முடிந்ததும் அவனும் ஏறினான்.

செபஸ்தியம்மா இரண்டடி வைத்துவிட்டு நின்றாள். வெறுங்காலில் கொங்கிறீட் சுட்டது. தென்மேற்கிலிருந்து அடித்த சோளகக் காற்று சேலையைப் பிடித்து இழுத்தது. நேரம் மூன்றே முக்கால். அவ்வளவு பெரிய தளத்தில் அவர்கள் மூன்று பேருடைய நிழலையும் தண்ணீர்த் தாங்கியின் நிழலையும் தவிர வேறு நிழலே இல்லை. அவள் ஒரு மூலையிலிருந்து மறு மூலைக்கு நடந்தாள். குனிந்து உள்ளங்கையைத் தரையில் வைத்துப் பார்த்தாள்.

"எமில், இஞ்சை எத்தினை மணி மட்டும் வெய்யில் நிக்கும்?"

அவன் தெற்குப் பக்கத்து விளிம்பில் நின்றான். ஐஸ் தொழிற்சாலைச் சுவர் அவனுடைய காலுக்குக் கீழே போயிருந்தது. அதற்கு அப்பால் துறைமுகம், கட்டியிருந்த படகுகள், மண்டைதீவுப் பக்கம் வரைக்கும் கடல். ஒரு துண்டுக் கடல் அல்ல, முழுக்கடல்.

"அக்கா," என்றான் திரும்பாமலே. "அந்த நீலக் கோடு போட்டது என்ரை போட்."

"நீ இஞ்சை ஏறிப் பாக்கிறேல்லையோடா?"

"தாங்கி வைச்ச அண்டைக்கு ஏறினனான். அண்டைக்கு மழை இருட்டு. பேந்து பல்கனி கட்டுற அவசரம்."

அவள் மேற்கே பார்த்துக்கொண்டும் அவன் தெற்கே பார்த்துக்கொண்டும் நின்றார்கள். கஜானி படம் எடுத்து முடித்து, போகலாம் என்றாள். ஒருவரும் கேட்கவில்லை.

"தட்டுகளை இஞ்சை கொண்டுவந்து வைச்சால்..." என்று தொடங்கிய செபஸ்தியம்மா நிறுத்தினாள். கேட்டுப் பழக்கமில்லாத விஷயம். "உனக்கு இடைஞ்சலா இருக்குமோ?"

எமில்ராஜ் திரும்பினான். சொல்லைத் தேடி எடுத்தான். "அந்த... மணம் அக்கா?"

மணம் என்று அவன் சொன்னதை அவள் கவனித்தாள். "சோளகத்துக்குப் பட்டினப் பக்கம் போகும். வாடைக்குக் கடலுக்குப் போகும். உன்ரை யன்னல் கீழை இருக்கு. இப்ப என்ரை கூரையிலை இருக்கேக்கைதான் அது நேரை உன்ரை யன்னலுக்கு வருது."

அவன் யோசித்தான். காற்றைப் பார்த்தான். தொழில்காரன், காற்றைப் பற்றி அவனுக்கு யாரும் சொல்லித்தரத் தேவையில்லை.

"அது சரிதான். ஆனால் ஏணியாலை தட்டுத் தூக்கேலாது. வெளிப்பக்கத்தாலை ஒரு படி கட்டுவம். ரெண்டு வீட்டுக்கும் நடுவாலை, மதிலோடை சேத்து. நாளைக்கே மேசனைக் கூப்பிடுறன்."

"நில்லுங்கோ, நில்லுங்கோ!" கஜானி கத்தியே விட்டாள். "ரெண்டு பேரும் அதிலை இருங்கோ. ஒரு கல்லும் வைக்கக்கூடாது. முதல் பிளான். எல்லையிலை கட்டுறதெண்டால் ரெண்டு வளவுக்காரரும் எழுத்திலை சம்மதம் தரவேணும். பேந்து விண்ணப்பம். பேந்து அனுமதி. அதுக்குப் பிறகுதான் மேசன்."

அந்த மொட்டைமாடியிலேயே, தண்ணீர்த் தாங்கியின் நிழலில் இருந்து, கொப்பியின் பின்பக்கத்தில் படியை எப்படி அமைக்கலாம் என்று அவர்களுக்குக் கீறிக் காட்டினாள்.

அனுமதி வர ஆறு கிழமை எடுத்தது. நாலாவது கிழமை பொறுமை இழந்த எமில்ராஜ், அத்திவாரத்தை மட்டும் வெட்டி வைப்பம் என்று மேசனைக் கூட்டிக்கொண்டு வந்தான். செபஸ்தியம்மா மண்வெட்டியின் பிடியைப் பிடித்துக்கொண்டாள்.

"கடிதம் வரட்டும்."

"ரெண்டு கிழமைதானே அக்கா, ஆர் பாக்கப்போகினம்?"

"நான் பாப்பன். ஒருக்காக் கூண்டிலை நிண்டது போதும். திருப்பி உன்னோடை ஒட்டிக்கொண்டு நிக்க எனக்கேலாது."

மேசன் தேத்தண்ணீர் குடித்துவிட்டுப் போனான். கடிதம் வந்த அன்று அவளே அதை மூன்று தரம் வாசித்துவிட்டுத்தான் அவனைத் திரும்பக் கூப்பிடச் சொன்னாள். படி கட்டி முடியும்வரை, வாங்கிய புது அளவுநாடாவோடு தினமும் பின்னேரம் வந்து அகலத்தைப் பார்த்தாள். ஒருநாள் ஓர் அங்குலம் கூடிவிட்டதென்று கொங்கிறீட்டுக்கு அடித்த பலகையொன்றைக் கழற்றித் திரும்ப அடிக்க வைத்தாள். எமில்ராஜ் மறுத்துப் பேசவில்லை. றொசாந்திக்கு மட்டும் சிரிப்பை அடக்க முடியவில்லை.

புரட்டாதி மாதத்தில் முதன்முதலாகப் பதினான்கு தட்டுகளும் மொட்டைமாடிக்கு ஏறின. பாதியை எமில்ராஜ் தூக்கினான். பின்னேரம் ஐந்தரைக்கும் சீலாவின் மேல் வெய்யில் இருந்தது. தெற்கு விளிம்பில், கொங்கிறீட் கைப்பிடிச் சுவருக்குப் பக்கத்தில் (அதற்கும் அனுமதி உண்டு) அவன் ஒரு பிளாஸ்ரிக் கதிரையைப் போட்டிருந்தான். றொசாந்தி தேத்தண்ணீர் கொண்டுவந்தாள். கூடவே பாதி காய்ந்த சீலாவில் பொரித்த நாலு துண்டு. செபஸ்தியம்மா கொடுத்துவிட்டது.

எமில்ராஜ் ஒரு வாய் தேத்தண்ணீர் குடித்தான். படகைப் பார்த்தான். இன்னொரு வாய் குடித்தான். அவனுடைய கண் கலங்கியதைச் செபஸ்தியம்மா கண்டாள். கண்டும் காணாதவள் போல் அடுத்த தட்டைப் புரட்டப் போனாள்.

கீழே ஒழுங்கையில் கிறிஸ்துநாயகம் அண்ணை சைக்கிளை நிறுத்தி அண்ணாந்து பார்த்தார். நாலு வீடு தள்ளி இருப்பவர். இவர்கள் வழக்குப் பேசிய கதையெல்லாம் அறிந்தவர்.

"அங்கை மேலை ரெண்டு பேரும் என்ன செய்யிறியள்? திரும்பவும் சண்டையோ?"

"இல்லை அண்ணை, தேத்தண்ணி குடிக்கிறம்," என்றாள் செபஸ்தியம்மா. "ஏறி வாங்கோ. பயப்பிடாதேங்கோ, படி பிளானிலை இருக்கு."

அவர் சைக்கிளை மதிலில் சாத்திவிட்டு, படியைத் தட்டித் தட்டிப் பார்த்துக்கொண்டு ஏறி வந்தார். றொசாந்தி இன்னொரு கோப்பை எடுக்கக் கீழே போனாள்.